லிவிங்ஸ்டனின் நாட்குறிப்பும் அவர் பெயரில் வந்த புத்தகங்களும்

1857 நவம்பரில் லண்டனின் ஜான் மரே பதிப்பகம் 687 பக்கத்தில் ஒரு புத்தகம் வெளியிட்டது. விலை ஒரு கினி, அதாவது 21 ஷில்லிங். அந்தக் காலத்துத் தொழிலாளி ஒருவர் நினைத்துப் பார்க்க முடியாத விலை. ஆனாலும் முதல் பதிப்பின் 12,000 பிரதிகளும் கடைக்கு வருமுன்பே பதிவாகித் தீர்ந்தன. மொத்தம் 70,000 பிரதிகள் வரை விற்றன. 'தென்னாப்பிரிக்காவில் மிஷனரிப் பயணங்களும் ஆய்வுகளும்' என்பது அதன் தலைப்பு, எழுதியவர் டேவிட் லிவிங்ஸ்டன் என்ற ஸ்காட்லாந்து மிஷனரி. பத்து வயதில் பஞ்சாலை வேலைக்குப் போய், பின்னால் மருத்துவம் படித்து, 1841-ல் லண்டன் மிஷனரி சங்கத்தின் ஊழியராகக் கேப் காலனியில் வந்து இறங்கியவர் அவர். இதே சங்கம்தான் 1806-லேயே ரிங்கல்தௌபே என்ற மிஷனரியை மயிலாடிக்கு அனுப்பியிருந்தது. நாகர்கோவில், நெய்யூர் பக்கத்தில் 'எல்.எம்.எஸ்.' என்றால் இன்றைக்கும் தெரியும்.

காலனியக் காலத்துப் பயண நூல்களைப் பற்றிப் பேசும்போது இரண்டு விதமான பேச்சுதான் அதிகம் காதில் விழுகிறது. 'எவ்வளவு துணிச்சல், எவ்வளவு உழைப்பு' என்று வியப்பவர்கள் ஒரு பக்கம். 'எல்லாம் ஏகாதிபத்தியத்துக்கு வேவு பார்த்த வேலை' என்று ஒரே வரியில் முடிப்பவர்கள் இன்னொரு பக்கம். இரண்டிலும் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் இரண்டு பேருமே அந்தப் புத்தகம் எப்படித் தயாரானது என்று கேட்பதில்லை. காட்டில் கிறுக்கிய குறிப்பு ஒன்று. அதைப் பார்த்துச் சாவகாசமாக எழுதிய நாட்குறிப்பு இன்னொன்று. ஊருக்கு அனுப்பிய கடிதம், பதிப்பாளர் மேசைக்குப் போன கைப்பிரதி, கடைசியில் அச்சுக்கு வந்த புத்தகம் என்று அதற்கு மேலும் படிகள் உண்டு. ஒவ்வொரு படியிலும் ஏதோ ஒன்று சேர்கிறது, ஏதோ ஒன்று கழிகிறது. லிவிங்ஸ்டன் விஷயத்தில் இந்தப் படிகள் பெரும்பாலும் அழியாமல் கிடைத்திருக்கின்றன. அதனால்தான் அவரை எடுத்துக்கொள்கிறேன்.

முதலில் ஒரு சின்ன விஷயம். 1849 ஆகஸ்டில் கலஹாரிப் பாலையைக் கடந்து ங்காமி ஏரிக்கு வெள்ளையர்கள் சிலர் போய்ச் சேர்ந்தார்கள். அவர்களில் லிவிங்ஸ்டன், மங்கோ மரே, வில்லியம் காட்டன் ஆஸ்வெல் மூவரும் உண்டு. இந்த ஆஸ்வெல் நம்ம ஊர்ப் பக்கம் இருந்தவர். சென்னை மாகாணத்தில் கிழக்கிந்தியக் கம்பெனி உத்தியோகம் பார்த்தவர், பெரிய வேட்டைக்காரர். ங்காமிப் பயணத்துக்கான செலவில் பெரும்பங்கு அவர் கையிலிருந்து போனது. ஆனால் ஏரியைப் பற்றிய கடிதத்தை எழுதி லண்டனுக்கு அனுப்பியவர் லிவிங்ஸ்டன். அது மிஷனரி சங்கம் வழியாக ராயல் புவியியல் சங்கத்துக்குப் போனது. 25 கினி பரிசு அவருக்குக் கிடைத்தது, 'ஏரியைக் கண்டுபிடித்தவர்' என்ற பெயரும் கிடைத்தது. ஆஸ்வெல் இதை ஒரு குறையாகவே எடுத்துக்கொள்ளவில்லை, கடைசிவரை நண்பராகவே இருந்தார். புத்தகம் எதுவும் எழுதவுமில்லை. ஏரிக் கரையில் தலைமுறை தலைமுறையாக மீன் பிடித்தவர்கள் இருக்க, வந்து பார்த்தவர்களில் எழுதிய ஒருவருக்குத்தான் கண்டுபிடித்தவர் பட்டம். இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டால் மற்றதெல்லாம் எளிதாகப் புரியும்.

அப்புறம் பெரிய பயணம். 1853 நவம்பரில், இன்றைய நமீபியா-போட்ஸ்வானா எல்லைப் பக்கம் இருந்த லின்யான்டியிலிருந்து மேற்குக் கடற்கரைக்குக் கிளம்பினார். கூட 27 பேர். சாமான்கள் அதிகமில்லை. பதினைந்து அங்குலச் சதுரத் தகரப் பெட்டி ஒன்றில் மாற்றுத் துணி, இன்னொன்றில் மருந்து, மூன்றாவதில் புத்தகங்கள். நான்காவது பெட்டியில் மேஜிக் லாந்தர், அதாவது கண்ணாடிப் படத்தை விளக்கு வெளிச்சத்தில் துணியில் விழவைக்கும் கருவி. பைபிள் கதைகளைக் காட்டத்தான் அது. ஊருக்கு ஊர் கூட்டம் சேர்த்தது பிரசங்கத்தைவிட அதுதான் என்று நினைக்கிறேன். இதோடு கோணமானி, காலமானி, திசைகாட்டி. கேப் டவுன் வானியலாளர் தாமஸ் மெக்ளியர் நட்சத்திரங்களை வைத்து இடம் கணிக்கச் சொல்லிக்கொடுத்திருந்தார். அவர் ஏறிப்போன எருதின் பெயர் சிந்துபாத். அதன் குணம் மகா மோசம் என்று புத்தகம் முழுக்கப் புலம்புகிறார்.

இந்தப் பயணத்தை 'தனி மனிதனின் சாதனை' என்று பள்ளிப் பாடங்கள் சொல்லும். யார் காசு போட்டது என்று பார்த்தால் கதை வேறு. ஆட்கள், எருதுகள், வழியில் விற்கத் தந்தங்கள் எல்லாம் கொடுத்தவர் மக்கொலோலோ அரசர் செக்கெலெட்டு. அவருக்கு ஒரு தேவை இருந்தது. இடைத்தரகர்கள் இல்லாமல் கடற்கரை வியாபாரிகளோடு நேரடியாகத் தந்தம் விற்க வேண்டும், துப்பாக்கி வாங்க வேண்டும். அவர் பக்கமிருந்து பார்த்தால் இது ஒரு வியாபாரக் குழு. வெள்ளைக்கார வைத்தியர் ஒருவர் கூடப் போகிறார், அவ்வளவுதான். லிவிங்ஸ்டன் இதை மறைக்கவில்லை, அந்தப் புத்தகத்திலேயே எழுதியிருக்கிறார். படித்தவர்கள்தான் அதைத் தாண்டிப் போனார்கள்.

1854 மே 31 அன்று காய்ச்சலில் எலும்பும் தோலுமாக அங்கோலாக் கடற்கரையில் உள்ள லுவாண்டா போய்ச் சேர்ந்தார். அங்கிருந்த பிரிட்டிஷ் கப்பல்காரர்கள் ஊருக்குக் கூட்டிப்போகிறோம் என்றார்கள். கூட வந்தவர்களைத் திரும்பக் கொண்டுபோய் விடுவதாக வாக்குக் கொடுத்திருக்கிறேன் என்று மறுத்துவிட்டார். அவரைப் பற்றி என்ன விமர்சனம் வைத்தாலும் இதைச் சொல்லாமல் விடக்கூடாது. தான் எழுதிய கடிதங்கள், வரைபடங்கள், நாட்குறிப்பு எல்லாவற்றையும் மட்டும் 'ஃபோர்ரன்னர்' என்ற தபால் கப்பலில் ஏற்றினார். அது மதெய்ரா தீவருகே மூழ்கியது. உள்நாட்டில் புங்கோ அந்தோங்கோ என்ற இடத்தில் இருந்தபோது செய்தி வந்தது. அங்கேயே ஒரு போர்த்துக்கீசியர் வீட்டில் தங்கி, போனதையெல்லாம் மறுபடி எழுதினார். ஆக, அந்தப் பயணத்தின் ஒரு பகுதி இரண்டாவது முறை எழுதப்பட்டது. 'சம்பவ இடத்தில் எழுதியது' என்று நாம் நினைத்துக்கொள்ளும் பக்கங்களுக்குப் பின்னால் இப்படியும் ஒரு கதை இருக்கிறது.

லின்யான்டிக்குத் திரும்பியபின், 1855 நவம்பரில் அங்கிருந்து கிழக்கே கிளம்பினார். இந்த முறை செக்கெலெட்டு கொடுத்தது 114 பேர். ஆறே மாதத்தில், 1856 மே 20 அன்று, இந்துமாக் கடல் ஓரத்துக் கெலிமானேயை அடைந்தார். ஆப்பிரிக்காவை மேற்கிலிருந்து கிழக்காகக் கடந்த முதல் ஐரோப்பியர் என்று லண்டன் கொண்டாடியது. 'ஐரோப்பியர்' என்ற சொல்லைக் கொஞ்சம் அழுத்திப் படிக்க வேண்டும். பெத்ரோ ஜொவாவ் பாப்திஸ்தா, அமாரோ ஜொசே என்ற இரண்டு ஆப்பிரிக்க வியாபார முகவர்கள் 1802-ல் அங்கோலாவிலிருந்து கிளம்பி 1811-ல் மொசாம்பிக்கின் டெட்டே வரை போயிருந்தார்கள், திரும்பியும் வந்தார்கள். பாப்திஸ்தா நாட்குறிப்பு வைத்திருந்தார், அது போர்த்துக்கீசிய மொழியில் அச்சாகியும் இருந்தது. லிவிங்ஸ்டனுக்கே இவர்களைப் பற்றித் தெரியும். ஆனால் அந்த நாட்குறிப்புக்கு ஒரு கினி கொடுக்க லண்டனில் ஆள் இல்லை.

இந்தப் பயணத்தில்தான் அருவி வருகிறது. உள்ளூரார் மோசி-ஓவா-துன்யா என்று அழைத்த அதற்கு விக்டோரியா ராணியின் பெயரை வைத்தார். அருவி விளிம்பிலிருந்த தீவில் பீச், ஆப்ரிகாட் கொட்டைகளையும் காப்பி விதைகளையும் நட்டார். மரத்தில் தன் பெயரின் முதலெழுத்துகளையும் வருடத்தையும் செதுக்கினார். இந்த வீண் ஆசைக்கு இடம் கொடுத்தது இந்த ஒரு முறைதான் என்று சிரித்தபடி ஒப்புக்கொள்கிறார். தேவதைகள் பறந்துபோகும்போது இந்தக் காட்சியைப் பார்த்து நின்றிருப்பார்கள் என்ற வரியும் புத்தகத்தில் இங்கேதான். ஆனால் அருவியின் உயரம் நூறு அடி என்று எழுதினார். 1860-ல் மறுபடி வந்தபோது நூலின் நுனியில் துப்பாக்கிக் குண்டுகளையும் ஓரடி வெள்ளைத் துணியையும் கட்டி, ஒருவர் விளிம்பில் குப்புறப் படுத்துப் பார்த்துக்கொண்டிருக்க, கீழே விட்டு அளந்தார்கள். 310 அடி நூல் இறங்கியும் தண்ணீரைத் தொடவில்லை. குண்டு சரிவான பாறை ஒன்றில் போய் உட்கார்ந்துவிட்டது. இன்றைய கணக்கில் உயரம் சுமார் 108 மீட்டர், அதாவது 355 அடிக்குப் பக்கம். பயணிகள் எல்லாவற்றையும் பெரிதாக்கிச் சொல்வார்கள் என்பது பொதுவான நம்பிக்கை. இங்கே மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவாகச் சொல்லியிருக்கிறார். அவர் நட்ட தோட்டத்தை நீர்யானைகள் மேய்ந்து முடித்திருந்தன.

லண்டனுக்கு வந்தபின் சில மாதங்களில் புத்தகத்தை எழுதி முடித்தார். இன்னொரு புத்தகம் எழுதுவதைவிடக் கண்டத்தை இன்னொரு தடவை கடப்பதே மேல் என்று முன்னுரையில் சலித்துக்கொள்கிறார். படங்கள் வரைந்தவர்களோடும் சண்டை. 1844-ல் மபோட்சாவில் ஒரு சிங்கம் அவர் தோளைக் கவ்வி இடது கையை நொறுக்கியது. புத்தகத்தில் அந்தக் காட்சிக்கு வந்த படத்தைப் பார்த்துவிட்டு, சிங்கம் என்றால் என்னவென்று தெரிந்தவன் எவனும் இதைப் பார்த்து விழுந்து விழுந்து சிரிப்பான் என்று பதிப்பாளர் மரேவுக்குக் கடிதம் எழுதினார். படம் மாறவில்லை. ஆனால் அன்று அவர் உயிரைக் காப்பாற்றியது, துப்பாக்கி சுடாமல் போனாலும் சிங்கத்தின் கவனத்தைத் தன் பக்கம் இழுத்துத் தொடையில் கடிபட்ட மெபால்வே என்ற உள்ளூர்ப் போதகர். நிகழ்ச்சி எல்லோருக்கும் தெரியும், மெபால்வே பெயர் யாருக்கு ஞாபகம் இருக்கிறது?

சரி, இப்படி மற்றவர்கள் குரல் அமுங்கிப்போன புத்தகம்தானா அது என்றால், முழுக்க அப்படியும் இல்லை. அவர் ஊழியம் செய்த கொலொபெங்கில் மழை பொய்த்துக் கிடந்த நாட்களில் மழை வைத்தியர் ஒருவரோடு நடந்த வாக்குவாதத்தை உரையாடலாகவே எழுதியிருக்கிறார். மழையைக் கடவுள்தான் தரமுடியும், நீ மருந்து போட்டு வரவழைக்க முடியாது என்கிறார் மிஷனரி வைத்தியர். மழை வைத்தியர் அசரவில்லை. நீயும் மருந்து கொடுக்கிறாய், சில சமயம் நோயாளி பிழைக்கிறான், சில சமயம் சாகிறான். பிழைத்தால் கடவுள் செய்ததற்கு நீ பேர் வாங்கிக்கொள்கிறாய், நானும் அதையேதான் செய்கிறேன். நோயாளி செத்தான் என்று நீ மருந்தை விட்டுவிடவில்லையே, மழை வராததற்கு நான் மட்டும் ஏன் விட வேண்டும்? ஏறக்குறைய இதுதான் அவர் வாதம். லிவிங்ஸ்டன் இதற்குச் சரியான பதில் சொன்னதாகக் காட்டிக்கொள்ளவில்லை. ஊராரில் ஒருவரையாவது அவர்கள் நினைப்பு தவறென்று ஒப்புக்கொள்ளவைக்க முடியவில்லை என்றுகூட எழுதுகிறார். என்னைக் கேட்டால் 687 பக்கத்தில் மிக உயிருள்ள இடம் இதுதான். மதம் மாற்ற வந்தவர் தோற்ற வாதத்தை அச்சில் ஏற்றியிருக்கிறார். எழுதியவருக்கே தெரியாமல் எதிராளி ஜெயித்துவிடும் இப்படிப்பட்ட இடங்களைத் தேடித்தான் இந்த நூல்களைப் படிக்க வேண்டும்.

புத்தகம் செய்த வேலையைப் பார்ப்போம். அதன் மைய வாதம் இது: ஜாம்பேசி ஆறு ஆப்பிரிக்காவின் உள்நாட்டுக்கு ஒரு ராஜபாட்டை. அதன் வழியாகக் கிறிஸ்தவமும் வாணிபமும் போனால் அடிமை வியாபாரம் தானாகச் சாகும். பருத்தி அங்கே விளையும். லங்காஷயர் ஆலைகள் அமெரிக்க அடிமைகள் பறித்த பஞ்சை நம்பியிருக்க வேண்டாம். பஞ்சாலையில் வளர்ந்தவர் சொன்னதால் மான்செஸ்டர் வியாபாரிகளும் காது கொடுத்தார்கள். மிஷனரி சங்கம் ஏற்கெனவே, சுவிசேஷத்தோடு நேரடித் தொடர்பில்லாத திட்டங்களுக்கு உதவ முடியாது என்று கடிதம் எழுதியிருந்தது. அவரும் சங்கத்தை விட்டு விலகினார். அரசாங்கம் 5,000 பவுண்டு ஒதுக்கி, கன்சல் பதவியும் கொடுத்து ஜாம்பேசிக்கு அனுப்பியது.

1858 நவம்பரில் ராஜபாட்டை முடிந்துபோனது. டெட்டேவுக்கு மேலே கெப்ராபாசா என்ற இடத்தில் ஆறு மலைப்பிளவுக்குள் பாய்ந்து நுரைத்துக் கிடந்தது. எந்தப் படகும் ஏற முடியாது. 1856-ல் இதே வழியாகத்தானே வந்தார், எப்படித் தெரியாமல் போனது? அப்போது ஆற்று வளைவை விட்டுவிட்டுக் குறுக்கே தரைவழியாக டெட்டே வந்துவிட்டார். பார்க்காத அந்தப் பகுதியைப் புத்தகத்தில் ஏதோ சிறு நீரோட்டத் தடை என்ற மட்டில் கடந்திருந்தார். பொய் சொன்னார் என்று நான் சொல்லமாட்டேன். ஆறு எப்படி இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டாரோ அப்படியே இருக்கும் என்று நம்பிவிட்டார். புத்தகம் படித்தவர்களுக்கு எது கண்ணால் கண்டது, எது ஊகம் என்று பிரித்துப் பார்க்க வழியே இல்லை. இன்று அந்த இடத்தில் கஹோரா பாசா அணை நிற்கிறது.

ஆறு அடைபட்டதாவது அரசாங்கத்தின் பணம். அடுத்தது உயிர். அவர் எழுத்தையும் பேச்சையும் நம்பி, லண்டன் மிஷனரி சங்கம் மக்கொலோலோ மக்களிடையே ஊழியம் தொடங்க ஹாலோவே ஹெல்மோர், ராஜர் பிரைஸ் இருவரையும் குடும்பத்தோடு அனுப்பியது. லின்யான்டி காய்ச்சல் பிடித்த சதுப்பு என்று லிவிங்ஸ்டனே எழுதியிருக்கிறார். செக்கெலெட்டுவின் மக்கள் ஆரோக்கியமான மேட்டு நிலத்துக்கு இடம் பெயர்வார்கள், லிவிங்ஸ்டனும் அங்கே இருப்பார் என்பதுதான் திட்டம். 1860-ல் அவர்கள் மாட்டு வண்டிகளில் பாலையைக் கடந்து வந்து சேர்ந்தபோது இரண்டும் நடந்திருக்கவில்லை. சில வாரங்களுக்குள் ஹெல்மோர், அவர் மனைவி, அவர்கள் குழந்தைகளில் இருவர், பிரைஸின் கைக்குழந்தை எல்லோரும் போய்விட்டார்கள். திரும்பும் வழியில் பிரைஸின் மனைவியும். வந்த ஒன்பது பேரில் பிழைத்தது பிரைஸும் ஹெல்மோரின் இரண்டு பிள்ளைகளும். செக்கெலெட்டு விஷம் வைத்தார் என்று பிரைஸ் சந்தேகப்பட்டார். லிவிங்ஸ்டன் காய்ச்சல் என்றார், தன் மருந்து இருந்திருந்தால் பிழைத்திருப்பார்கள் என்றார்.

கிழக்கே ஷீரே ஆற்றுப் பக்கம் கேம்பிரிட்ஜ், ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகங்களில் கிளம்பிய இன்னொரு மிஷன். அதுவும் அவர் உரை கேட்டு உருவானதுதான். அதன் பேராயர் மெக்கென்ஸி 1862 ஜனவரியில் காய்ச்சலில் இறந்தார். ஏப்ரலில் லிவிங்ஸ்டனின் மனைவி மேரியும் ஜாம்பேசிக் கரையில் ஷுபாங்காவில் இறந்தார். 1856-ல் டெட்டேவில் காத்திருக்கச் சொல்லி விட்டுப்போன மக்கொலோலோ ஆட்களில் முப்பது பேர் அம்மையில் போயிருந்தார்கள். இந்தப் பயணத்தைப் பற்றி 1865-ல் லிவிங்ஸ்டன் சகோதரர் பெயரையும் சேர்த்து எழுதிய புத்தகத்தில் குழுவின் உள்சண்டை பற்றி மூச்சுக்கூட இல்லை. அதே பயணத்தில் மருத்துவராகவும் தாவரவியலாளராகவும் இருந்த ஜான் கிர்க்கின் நாட்குறிப்பு நூறு வருடம் கழித்து அச்சுக்கு வந்தது. லிவிங்ஸ்டனுக்குப் புத்தி பேதலித்துவிட்டது, இவரை நம்பிப் பின்னால் போவது ஆபத்து என்ற பொருளில் அதில் எழுதியிருக்கிறார். ஒரே ஆறு, ஒரே படகு, இரண்டு நாட்குறிப்பு. எதை அச்சுக்குக் கொடுப்பது என்பதில்தான் வித்தியாசம்.

1864-ல் வேலை முடிந்ததும் தன் சொந்தக் காசில் கட்டிய 'லேடி நியாசா' என்ற சின்ன நீராவிப் படகை அடிமை வியாபாரிகள் கையில் விற்க மனமில்லாமல், ஜான்சிபாரிலிருந்து பம்பாய்க்கு அவரே ஓட்டிவந்தார். 2,500 மைல், 45 நாள். 6,000 பவுண்டு போட்ட படகு 2,300-க்குப் போனது. அந்தப் பணத்தையும் போட்டு வைத்த வங்கி திவாலாகி விழுங்கியது. கூட வந்த ஆப்பிரிக்கப் பையன்களில் சூமா பம்பாயில் மிஷன் பள்ளியில் விடப்பட்டான். 1866-ல் கடைசிப் பயணம் கிளம்பியபோது சூமா கூடப் போனான். பம்பாய் சிப்பாய்களும், நாசிக் அருகே சரண்பூரில் விடுதலையான ஆப்பிரிக்க அடிமைகளுக்காக நடந்த மிஷன் பள்ளியில் படித்தவர்களும் சேர்ந்தார்கள். இந்திய எருமைகளும் ஒட்டகங்களும்கூடப் போயின. கால்நடைகளைக் கொல்லும் ட்செட்ஸே ஈக் கடியை அவை தாங்குமா என்று பார்க்க. தாங்கவில்லை. சிப்பாய்களும் வெகுநாள் தாங்கவில்லை.

இந்தக் கடைசிப் பயணத்தில்தான் குறிப்புக்கும் புத்தகத்துக்கும் உள்ள தூரம் நன்றாகத் தெரிகிறது. 1871-ல் லுவலாபா ஆற்றங்கரை ஊரான நியாங்வேயில் மாதக்கணக்கில் மாட்டிக்கொண்டார். காகிதம் தீர்ந்துபோயிற்று, மையும் தீர்ந்துபோயிற்று. கையிலிருந்த 'ஸ்டாண்டர்ட்' என்ற பழைய லண்டன் செய்தித்தாளைத் துண்டாக்கி, துணிக்குச் சாயம் போடும் ஒரு காயின் சாற்றை மையாக்கி, அச்செழுத்துகளுக்குக் குறுக்கே எழுதினார். ஜூலை 15 அன்று ஊர்ச் சந்தை. பெரும்பாலும் பெண்கள். அரபு-ஸ்வாஹிலி வியாபாரி துகும்பேயின் ஆட்கள் மூன்று பேர் துப்பாக்கியோடு வந்தார்கள். கோழி ஒன்றின் விலையில் தகராறு. சுட ஆரம்பித்தார்கள். கூட்டம் ஓடங்களுக்கு ஓடி ஆற்றில் விழுந்தது. முந்நூறு நானூறு பேர் செத்திருப்பார்கள் என்று அந்த அரபு வியாபாரிகளே கணக்குச் சொன்னதாக எழுதியிருக்கிறார்.

அடுத்த வருடம் இந்தக் குறிப்பைப் பார்த்து நல்ல நோட்டில் விரிவாக எழுதினார். அவரைத் தேடி தாங்கன்யிகா ஏரிக்கரை ஊரான உஜிஜிக்கு வந்த அமெரிக்கப் பத்திரிகை நிருபர் ஸ்டான்லியிடம் அந்த நாட்குறிப்பையும் கடிதங்களையும் கொடுத்தனுப்பினார். படுகொலைச் செய்தி லண்டனை உலுக்கியது. முன்பு பம்பாய் ஆளுநராக இருந்த பார்ட்டில் ஃப்ரியர் தூதராகப் போனார். 1873 ஜூனில் ஜான்சிபார் சுல்தான் அடிமைச் சந்தையை மூட ஒப்பந்தம் செய்தார். இந்த எழுத்துக்கு அவ்வளவு வலு இருந்தது. இதையும் நேர்மையாகச் சொல்லத்தான் வேண்டும்.

செய்தித்தாள் குறிப்பு என்ன ஆயிற்று? சாயம் மங்கி, அச்செழுத்து மட்டும் மிஞ்சி, நூற்று நாற்பது வருடம் யாராலும் படிக்க முடியாமல் கிடந்தது. பல அலைநீள ஒளியில் படமெடுத்து, அச்சை அமுக்கிக் கையெழுத்தை மேலே கொண்டுவரும் முறையில் 2011-ல் அது வாசிக்கப்பட்டது. ஒப்பிட்டுப் பார்த்தபோது வித்தியாசம் பளிச்சென்று தெரிந்தது. அவருடைய சொந்தக் குழுவில் ஜான்சிபாரின் இந்திய வணிகர்களுக்குச் சொந்தமான அடிமைகள் சிலர் இருந்தார்கள். அவர் எழுத்தில் 'பனியன் அடிமைகள்'. குஜராத்தி பனியாக்களைத்தான் அப்படிச் சொல்கிறார். இவர்கள் மேல் இருந்த வெறுப்பும், இவர்கள் செய்த வன்முறை பற்றிய குறிப்புகளும் செய்தித்தாள் பக்கங்களில் பச்சையாக இருக்கின்றன. நல்ல நோட்டில் பல இடத்தில் அவை மெலிந்திருக்கின்றன, சில இடத்தில் காணவில்லை. படுகொலையில் தன் ஆட்களுக்கும் பங்கு இருந்திருக்குமோ என்ற அச்சம் அவருக்கு இருந்திருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் ஊகம். எதுவாக இருந்தாலும், திருத்தியவர் பதிப்பாளர் அல்ல, அவரேதான். லண்டனுக்குப் போகிறது என்று தெரிந்து எழுதும்போது கை தானாகக் கட்டுப்படுகிறது.

ஸ்டான்லி கதையும் இதற்குச் சளைத்ததல்ல. 'டாக்டர் லிவிங்ஸ்டன்தானே?' என்று கேட்டதாக உலகமே சொல்லும் அந்தச் சந்திப்பு நாளுக்கான பக்கங்கள் ஸ்டான்லியின் நாட்குறிப்பில் கிழிக்கப்பட்டிருக்கின்றன.

1873 மே தொடக்கத்தில், இன்றைய சாம்பியாவில் சிட்டாம்போ தலைவரின் ஊரில் லிவிங்ஸ்டன் இறந்தார். இதற்கப்புறம் நடந்ததுதான் மொத்தக் கதையிலும் பெரிய பயணம் என்பேன். சூமா, லிவிங்ஸ்டனின் நெடுநாள் உதவியாளர் சூசி, நாசிக்கில் படித்த ஜேக்கப் வெயின்ரைட் ஆகியோர் உள்ளிட்ட அறுபது பேர் அளவிலான குழு, உடலைத் திறந்து இதயத்தை மரத்தடியில் புதைத்து, உப்பிட்டு வெயிலில் உலர்த்தி, மரப்பட்டையில் சுற்றி, ஆயிரம் மைலுக்கு மேல் சுமந்து 1874 பிப்ரவரியில் பாகமோயோ கடற்கரையில் இறக்கியது. பிணத்தோடு வருகிறார்கள் என்று தெரிந்தால் எந்த ஊரும் வழி விடாது. அதனால் பொதி துணி மூட்டைபோலக் கட்டப்பட்டது. வழியில் சந்தித்த வெள்ளை அதிகாரி கேமரன் இங்கேயே புதையுங்கள் என்றார். கேட்கவில்லை. பெட்டிகளிலிருந்த நாட்குறிப்புகளும் அவர்கள் தோளில்தான் வந்தன. அவை வராமல் போயிருந்தால் நாம் இவ்வளவு பேச இடமே இல்லை. ஜான்சிபாரில் கன்சல் பொறுப்பிலிருந்தவர் அவர்களுக்குக் கூலியைக் கொடுத்துக் கணக்கை முடித்து அனுப்பிவிட்டார்.

ஏப்ரல் 18 அன்று வெஸ்ட்மின்ஸ்டர் அபேயில் நடந்த அடக்கத்துக்கு அந்தக் குழுவிலிருந்து வந்தவர் வெயின்ரைட் மட்டும். சவப்பெட்டியின் அருகே ஸ்டான்லி, கிர்க், ஆஸ்வெல் ஆகியோரோடு அவரும் நடந்தார். சூமாவும் சூசியும் பின்னால் ஒரு நண்பர் செலவில் வந்தார்கள். பாதிரியார் ஹொரேஸ் வாலர் வீட்டில் தங்கி, கடைசி நாட்குறிப்புகளைப் பதிப்பிக்க உதவினார்கள். எந்த ஊர், எந்த ஆறு, யார் என்ன சொன்னார்கள் என்பதை அவர்கள் சொல்லச் சொல்ல வாலர் நிரப்பினார். இறந்த குடிசையின் மாதிரியையும் செய்து காட்டினார்கள். கட்டிலருகே மண்டியிட்டு ஜெபித்த நிலையில் உயிர் பிரிந்தது என்று உலகம் அறிந்த காட்சி இவர்கள் வாய்மொழியிலிருந்து வாலர் எழுதியது. 1874 டிசம்பரில் புத்தகம் வந்தது. லிவிங்ஸ்டனின் கோபதாபங்களையும் கிர்க் மேலிருந்த கசப்பையும் வாலர் நன்றாகக் கத்தரித்திருந்தார். அட்டையில் லிவிங்ஸ்டன் பெயர், பதிப்பித்தவர் வாலர். சூமா, சூசி உதவியது உள்ளே முன்னுரையில்.

வெயின்ரைட்டும் சொந்தமாக ஒரு நாட்குறிப்பு எழுதியிருந்தார். உடலைச் சுமந்து வந்த மாதங்களைப் பற்றி, சுமந்தவர்களில் ஒருவரே எழுதியது. அது 1874-லேயே ஜெர்மனியில் ஒரு புவியியல் இதழில் ஜெர்மன் மொழிபெயர்ப்பாக வந்தது. இங்கிலாந்தில் அன்று யாரும் புத்தகமாகப் போடவில்லை.

சூமாவின் தொழில் அதற்கப்புறமும் தொடர்ந்தது. 1879-ல் ராயல் புவியியல் சங்கம் மத்திய ஆப்பிரிக்க ஏரிகளுக்கு ஒரு குழுவை அனுப்பியது. கிளம்பிச் சில வாரங்களில் தலைவர் கீத் ஜான்ஸ்டன் இறந்துபோக, பொறுப்பு ஜோசப் தாம்சன் என்ற 21 வயது இளைஞர் தலையில் விழுந்தது. சுமை தூக்குபவர்களைச் சேர்ப்பது, ஊர்த் தலைவர்களோடு பேசுவது, சண்டை வராமல் வழி வாங்குவது எல்லாம் கேரவன் தலைவர் சூமாவின் வேலை. தாம்சன் 1881-ல் எழுதிய இரண்டு பாகப் பயண நூலில் அவரைத் தாராளமாகப் புகழ்ந்திருக்கிறார். அடுத்த வருடமே சூமா இறந்தார், ஜான்சிபாரில். அவர் பெயரில் புத்தகம் எதுவும் இல்லை.